உருளைக்கிழங்கு ஸாலடும் உட்கார நேரமில்லாத பெண்களும்

முதல்லேயே சொல்லிடறேன். இது சமையல் குறிப்பு இல்லை, சண்டை. குறிப்பும் நடுவிலே வரும். அதுக்காக மட்டும் வந்தவங்க நேரா கீழே போயிடலாம். (போகாதீங்க, சண்டையையும் படிச்சுட்டுப் போங்க!)

தில்லியிலே குளிர் ஆரம்பிச்சா எங்க லக்ஷ்மிபாய் நகர் பக்கம் குடும்பக் கூட்டங்களும் ஆரம்பிச்சுடும். மே, ஜூன்லே யாரும் யார் வீட்டுக்கும் போறதில்லை. டிசம்பர், ஜனவரியிலே பதினொரு மணி வெய்யில் இதமா இருக்கும். குவார்ட்டர்ஸ் முன்னாடி இருக்கிற புல்தரையிலே ஜமக்காளத்தை விரிச்சு உட்கார்ந்தா எழுந்துக்கவே மனசு வராது. குர்காவ், நொய்டா, துவாரகா, ஃபரிதாபாத்னு சிதறிக் கிடக்கிற சித்தப்பா, அத்தை, ஒண்ணுவிட்ட அண்ணா எல்லாரும் வருஷத்துக்கு ஒரு தடவையாவது ஒரு இடத்திலே கூடறது அப்போதான். சரியா அதே சமயத்திலே புது உருளைக்கிழங்கும் வந்து இறங்கும். ஐ.என்.ஏ. மார்க்கெட்டுக்கு நடந்து போனா, விரலாலே தேய்ச்சாலே தோல் வர்ற மாதிரி இளசா, மண் வாசனையோட குவிச்சு வெச்சிருப்பாங்க.

இந்த ரெண்டையும் சேர்த்து வெச்சுத்தான் என் வாதம். குடும்பக் கூட்டத்துக்கு வீட்டிலே பண்ணின உருளைக்கிழங்கு ஸாலட் மாதிரி நியாயமான பதார்த்தம் வேற இல்லை. ருசியை அப்புறம் பார்க்கலாம். நியாயம்னுதான் சொல்றேன்.

ஏன்னு கேளுங்க. நம்ம கூட்டங்களிலே என்ன நடக்குது? "பூரி சூடா இருந்தாத்தான் நல்லா இருக்கும்." "தோசை கல்லுலேர்ந்து நேரா தட்டுக்கு வரணும்." "வடை ஆறிட்டா ரப்பர்." எல்லாம் வாஸ்தவம்தான். ஆனா பதினஞ்சு பேருக்கு பூரி சூடா வரணும்னா, பதினாறாவதா ஒருத்தி எண்ணெய்ச் சட்டி முன்னாடி நின்னாகணும். அவ வெளியிலே வர்றப்போ அரட்டை முடிஞ்சிருக்கும், சிரிப்பு முடிஞ்சிருக்கும், வெய்யிலும் போயிருக்கும். ஃபோட்டோ எடுத்துப் பாருங்க, அவ அதிலே இருக்க மாட்டா. இருந்தாலும் புடவைத் தலைப்பிலே கையைத் துடைச்சுண்டே ஓரமா நிப்பா. அதுக்கப்புறம் எல்லாரும் சேர்ந்து "மன்னி கை மணமே தனி"ன்னு ஒரு சர்டிஃபிகேட் கொடுப்பாங்க. அந்த சர்டிஃபிகேட்டை வெச்சுண்டு என்ன பண்றது? ஊறுகாய்கூடப் போட முடியாது.

ஒருத்தி கூட உட்கார முடியாத கூட்டத்துக்குக் குடும்பக் கூட்டம்னு பேர் வெக்கக் கூடாது. அது ஹோட்டல். அதுவும் சம்பளம் இல்லாத சமையல்காரி வெச்ச ஹோட்டல்.

உருளைக்கிழங்கு ஸாலட் முதல்நாள் ராத்திரியே பண்ணி வெக்கிற சமாச்சாரம். ஆறின பிறகுதான் அதுக்கு ருசியே. பரிமாற ஆள் வேண்டாம், ஒரு பெரிய கிண்ணமும் கரண்டியும் போதும். கூட ரொட்டியோ, புளியோதரையோ, தயிர் சாதமோ இருந்தா சாப்பாடு முடிஞ்சது. அடுப்பு அணைஞ்சிருக்கும், எல்லாரும் வெளியிலே இருப்பாங்க. அவ்வளவுதான் விஷயம். இதைச் சொன்னா மூணு விதமான எதிர்ப்பு வரும். ஒண்ணொண்ணா எடுத்துக்கலாம்.

1. "இது நம்ம சாப்பாடே இல்லையே!"

இதைச் சொல்றவர் கையிலே அந்த நேரம் பெரும்பாலும் உருளைக்கிழங்கு போண்டா இருக்கும். ஐயா, உருளைக்கிழங்கே நம்ம ஊர் இல்லை! தென் அமெரிக்காவிலே ஆண்டீஸ் மலையிலே பிறந்து, போர்த்துகீசியர் காலத்துக்கு அப்புறம் இங்கே வந்து சேர்ந்தது. கூடவே வந்ததுதான் மிளகாயும் தக்காளியும். சில வீடுகளிலே திவசத்துக்கு உருளைக்கிழங்கு சேர்க்க மாட்டாங்க. "இங்கிலீஷ் காய்"னு ஒரு பேர் வேற. ஆனா மசால் தோசைக்கு உள்ளே போய் உட்கார்ந்ததும் அது நம்ம ஆள் ஆயிடுச்சு! எண்ணெயிலே குளிச்சா நம்ம ஆள், தயிர்லே குளிச்சா அந்நியன். இது என்ன நியாயம்?

நம்ம சர்க்காரே சிரத்தையா வளர்த்த கிழங்கு இது. மத்திய உருளைக்கிழங்கு ஆராய்ச்சி நிலையம் 1949-லே பாட்னாவிலே ஆரம்பிச்சு, 1956-லே சிம்லாவுக்குப் போச்சு. சிம்லா பக்கத்திலே இருக்கிற குஃப்ரிங்கிற ஊர்ப் பேரைத்தான் அவங்க கொண்டு வந்த ரகங்களுக்கெல்லாம் முன்னாலே சேர்த்தாங்க. குஃப்ரி ஜோதி, குஃப்ரி சந்திரமுகி, குஃப்ரி சிந்தூரின்னு கல்யாணப் பத்திரிகை மாதிரி பேருங்க. உலகத்திலே சீனாவுக்கு அடுத்தபடியா உருளைக்கிழங்கு விளைவிக்கிறது நாமதான். நீலகிரிக் கிழங்கு மேட்டுப்பாளையம் மண்டியிலே இறங்கற அழகைப் பார்த்தவங்களுக்கு இதெல்லாம் சொல்லத் தேவையே இல்லை.

சரி, ஸாலட்ங்கிற பேர்தான் உறுத்துதுன்னா பச்சடின்னு வெச்சுக்கோங்க. வேக வெச்ச உருளைக்கிழங்கிலே தயிரை விட்டு, பச்சை மிளகாய் போட்டு, கடுகு தாளிச்சு நம்ம பாட்டிங்க பண்ணினது என்னவாம்? இதைத்தான் ஜெர்மன்காரன் வினிகர் விட்டுப் பண்றான், அமெரிக்காக்காரன் மயோனைஸ் போட்டுப் பண்றான். தில்லிக் கல்யாணங்களிலே பஃபே மேஜை ஓரத்திலே வெள்ளையா "ரஷ்யன் ஸாலட்"னு ஒண்ணு இருக்கும், பார்த்திருப்பீங்க. 1860-களிலே மாஸ்கோவிலே ஹெர்மிடேஜ்ங்கிற உணவகத்திலே ஒலிவியேங்கிறவர் பண்ணினதோட பேரன், கொள்ளுப்பேரன் அது. அவர் பண்ணினதிலே காட்டுக்கோழியும் இன்னும் என்னென்னவோ ஒசந்த சரக்கும் இருந்தது. சோவியத் காலத்திலே அதெல்லாம் போய் உருளைக்கிழங்கும் டப்பாப் பட்டாணியும் உட்கார்ந்தது. பணக்காரன் தட்டிலேர்ந்து சாதாரணக் குடும்பத்து மேஜைக்கு இறங்கினதாலேதான் அது பிழைச்சது. இன்னிக்கும் ரஷ்யாவிலே புது வருஷ ராத்திரிக்கு வீட்டுக்கு வீடு ஒரு பெரிய பேசின் நிறைய அதுதான்.

ஜெர்மனியிலே கிறிஸ்துமஸுக்கு முதல்நாள் ராத்திரி ரொம்ப வீடுகளிலே சாப்பாடு என்ன தெரியுமா? உருளைக்கிழங்கு ஸாலடும் ஸாஸேஜும். வருஷத்திலேயே பெரிய பண்டிகைக்கு அவ்வளவு எளிமையா! அன்னிக்கு வீட்டிலே இருக்கிறவங்க அடுப்படியிலே மாட்டிக்காம ஒண்ணா உட்காரலாம் இல்லையா? அந்த புத்தி நமக்கு ஏன் வரக் கூடாதுன்னுதான் கேட்கிறேன்.

2. "எதுக்குக் கஷ்டம்? ஆர்டர் பண்ணிடலாமே!"

ஆர்டர் பண்றது பாவம் இல்லை. ஆஃபீஸ்லேர்ந்து ஏழு மணிக்கு வந்து, குழந்தைக்கு ஹோம்வொர்க் பார்க்கிற பொம்பளை, கடையிலே வாங்கிண்டு வந்தா ஒருத்தரும் வாயைத் திறக்கக் கூடாது. நான் முழுக்க அவ கட்சி.

ஆனா வருஷத்துக்கு ஒரு கூட்டம். அதிலேயும் எல்லாமே ஃபாயில் டப்பாவிலே வந்து இறங்கினா என்ன மிஞ்சும்? லக்ஷ்மிபாய் நகர் மாதிரி சர்க்கார் குவார்ட்டர்ஸ்லே இருக்கிறவங்களுக்கு இது நல்லாப் புரியும். வீடு நம்மளுது இல்லை. ரிட்டயர் ஆனா காலி பண்ணணும், மாத்தல் ஆனா காலி பண்ணணும். சொந்த ஊர்லே இருந்த வீட்டையும் பாதிப் பேர் வித்தாச்சு. குழந்தைங்களுக்குத் தமிழ் எழுத, படிக்க வந்தா பெரிய விஷயம். அதுக்காவது இங்கேயே தமிழ்ப் பள்ளிக்கூடம் இருக்கு. நம்ம கை ருசிக்குப் பள்ளிக்கூடம் கிடையாதே! ஒரு குடும்பத்துக்குன்னு ஒரு ருசி இருக்கு. உங்க வீட்டிலே கடுகை அரைச்சுச் சேர்ப்பாங்க, எங்க வீட்டிலே இஞ்சி துருவிப் போடுவோம். அந்தச் சின்ன வித்தியாசம்தான் நம்ம சொத்து. அதைக் கேட்டரர் கிட்ட எப்படி ஒப்படைக்கிறது? அவர் பதினஞ்சு பேர் வீட்டுக்கும் ஒரே வாளியிலேர்ந்து அள்ளறார். அவரைக் குறை சொல்லலை, அவர் தொழில் அது.

3. "அது என்ன பெரிய வேலை? வீட்டிலே பண்ணிடலாம்!"

மூணிலேயும் இதுதான் ஆபத்தான ஆளு. என் கட்சி மாதிரியே பேசுவார், ஆனா என் கட்சி இல்லை. "வீட்டிலே பண்ணிடலாம்"னு சொல்றார் பாருங்க, அந்த "வீடு" யாரு? சுவரா? ஜன்னலா? வீடு எழுந்து போய் கிழங்கு உரிக்குமா?

2020 ஜூலையிலே ஜப்பானிலே ஒரு விஷயம் நடந்தது. கடையிலே தயார் உணவுப் பகுதியிலே, சின்னக் குழந்தையோட நின்ன ஒரு பொண்ணு உருளைக்கிழங்கு ஸாலட் டப்பாவைப் பார்த்துண்டு இருந்தா. பக்கத்திலே ஒரு பெரியவர், அம்மான்னா உருளைக்கிழங்கு ஸாலடாவது பண்ணக் கூடாதான்னு கேட்டுட்டுப் போயிட்டார். அதைப் பார்த்த இன்னொருத்தங்க தன் பொண்ணையும் கூட்டிண்டு போய், அந்தப் பொண்ணு கண்ணெதிரேயே ரெண்டு டப்பா எடுத்தாங்களாம். வாங்கிக்கோம்மா, தப்பில்லைன்னு வாயாலே சொல்லாம சொன்ன மாதிரி. இதை ட்விட்டர்லே எழுதினதும் அந்த நாடே ரெண்டா பிரிஞ்சு பேசிச்சு. எல்லாரும் பிடிச்சுண்ட கேள்வி ஒண்ணுதான்: அந்தப் பெரியவர் தன் ஆயுசிலே ஒரு தடவையாவது உருளைக்கிழங்கு ஸாலட் பண்ணியிருப்பாரா?

பண்ணியிருந்தா சொல்லியிருக்கவே மாட்டார்! கிழங்கைத் தேய்ச்சு அலம்பணும். வேக வெச்சு, கை சுடச் சுட உரிக்கணும். வெள்ளரிக்காயை நறுக்கி உப்புப் போட்டுப் பிழியணும். வெங்காயத்தைத் தண்ணியிலே போட்டு எடுக்கணும். ஆற வெக்கணும், கலக்கணும், அப்புறம் அத்தனை பாத்திரத்தையும் தேய்க்கணும். தட்டிலே பார்த்தா ரெண்டு கரண்டி, ஓரத்திலே ஒதுங்கி நிக்கிற சைட் டிஷ். உழைப்பு கண்ணுக்கே தெரியாது. அதனாலேதான் "அது என்ன பெரிய வேலை"!

நம்ம நாட்டுக் கணக்கும் இருக்கு. தேசியப் புள்ளியியல் அலுவலகம் 2019-லே நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு ஒண்ணு எடுத்தாங்க. சம்பளமில்லாத வீட்டு வேலை செய்யற பெண்கள் ஒரு நாளைக்கு அதுக்குச் செலவழிக்கிறது சராசரியா 299 நிமிஷம். அதே வேலை செய்யற ஆண்கள் 97 நிமிஷம். ஏதோ செய்யற ஆண்களோட சராசரிதான் இது. ஒண்ணுமே செய்யாதவங்க இந்தக் கணக்கிலேயே வரலை, அவங்கதான் பெரும்பான்மை! 2024-லே மறுபடி எடுத்தாங்க. பெண்களுக்கு 289 நிமிஷமா குறைஞ்சது. ஆஹா, ஆண்கள் தோள் கொடுத்துட்டாங்கன்னு சந்தோஷப்படறீங்களா? ஆண்களோடதும் 88-ஆ குறைஞ்சது!

அதனாலே என் வாதத்தைச் சரியாப் புரிஞ்சுக்கோங்க. வீட்டிலே பண்ணுங்கன்னு சொல்றேன். வீட்டிலே இருக்கிற பெண் பண்ணட்டும்னு சொல்லலை. ஸாலட் பண்ண மாவு பிசையற பக்குவம் வேண்டாம், பாகு பதம் வேண்டாம், எண்ணெய்க் காய்ச்சல் பார்க்கத் தெரிய வேண்டாம். கத்தி பிடிக்கத் தெரிஞ்சா போதும். எக்ஸெல்லே நாலு ஷீட்டை ஒண்ணா இணைக்கத் தெரிஞ்ச ரங்கமணிகளுக்குக் கிழங்கையும் தயிரையும் இணைக்கத் தெரியாதா?

சரி, ரங்கமணிகளே, பேப்பர் பேனா எடுத்துக்கோங்க

எட்டிலேர்ந்து பத்து பேருக்கு ஒரு கிலோ புது உருளைக்கிழங்கு. ஒரே அளவா பொறுக்குங்க, இல்லைன்னா ஒண்ணு கரையும், ஒண்ணு கல்லா இருக்கும். பச்சை பாரிச்சது வேண்டாம். தோலோட, பச்சைத் தண்ணியிலே உப்புப் போட்டு அடுப்பிலே வெச்சு, கொதி வந்ததும் தீயைக் குறைச்சுடுங்க. 15-20 நிமிஷத்திலே கத்தி சுலபமா இறங்கும். குக்கர்லே வெச்சு நாலு விசில் விட்டா ஸாலட் வராது, மசியல்தான் வரும். புதுக் கிழங்கிலே மாவுச்சத்து கம்மி, அதனாலே உடையாம நிக்கும். பழைய கிழங்கு போண்டாவுக்குத்தான் லாயக்கு.

வெதுவெதுப்பா இருக்கிறப்பவே உரிச்சு, துண்டு போட்டு, ரெண்டு ஸ்பூன் எலுமிச்சைச் சாறும் உப்பும் தெளிச்சுடுங்க. இதுதான் ரகசியம். சூடா இருக்கிறப்போதான் கிழங்கு புளிப்பையும் உப்பையும் உள்ளே இழுக்கும், ஆறின பிறகு போட்டா மேலேயே நிக்கும். அப்புறம் அகலமான தாம்பாளத்திலே பரப்பி நல்லா ஆற விடுங்க. குவிச்சு மூடி வெக்காதீங்க.

அரை கிலோ தயிரைத் துணியிலே கட்டி ரெண்டு மணி நேரம் தொங்க விட்டா கெட்டியா ஆயிடும். அதிலே மிளகுப்பொடி, பொடியா நறுக்கின பச்சை மிளகாய், துருவின இஞ்சி, ஒரு சிட்டிகை கடுகுப்பொடி. உப்புப் போட்டுப் பிழிஞ்ச வெள்ளரிக்காயும், தண்ணியிலே பத்து நிமிஷம் ஊறின வெங்காயமும் சேர்த்து, ஆறின கிழங்கோட பூப்போல கலக்குங்க. கடைசியிலே கடுகு, பெருங்காயம், கறிவேப்பிலை தாளிச்சு, அதையும் ஆறவிட்டுப் போடுங்க. முட்டை சாப்பிடறவங்க வேக வெச்ச முட்டை நாலு சேர்த்துக்கலாம். மூடி ஃப்ரிட்ஜிலே வெச்சுட்டு நிம்மதியாத் தூங்கப் போங்க.

மயோனைஸ் வேணும்னு குழந்தைங்க அடம் பிடிச்சா கடையிலே பாட்டில்லே வர்றதை வாங்குங்க. பச்சை முட்டையை உடைச்சு வீட்டிலே அடிக்காதீங்க. பச்சை முட்டை மயோனைஸாலே ஸால்மொனெல்லா மாதிரி கிருமிங்க வர்றதாலேதான் 2023-லே கேரளாவும், 2024-லே தெலங்கானாவும், 2025 ஏப்ரல் 8-லேர்ந்து ஒரு வருஷத்துக்குத் தமிழ்நாடும் தடை போட்டாங்க. அதே சமயம் எல்லாப் பழியையும் மயோனைஸ் மேலே போடறதும் தப்பு. பாட்டில் மயோனைஸ் புளிப்பானது, அதிலே கிருமி சுலபமா வளராது. வெந்த கிழங்கும், அலம்பாத கையும், வெய்யில்லே மணிக்கணக்கா திறந்து கிடக்கிற கிண்ணமும்தான் வில்லன்கள். ஃப்ரிட்ஜ் 5 டிகிரிக்குக் கீழே இருக்கணும். வெளியிலே எடுத்தா ரெண்டு மணி நேரத்துக்குள்ளே முடிச்சுடணும். 32 டிகிரிக்கு மேலே போற நாள்லே ஒரு மணி நேரம்தான். அதனாலேதான் தில்லிக் குளிர்காலத்துக்கு இது பொருத்தம்னு சொல்றேன். மே மாசம் பார்க்கிலே வெச்சுட்டு என்னைத் திட்டாதீங்க.

வெய்யில் காலத்திலே இன்னொரு தொல்லையும் உண்டு. அப்போ வர்றது கோல்ட் ஸ்டோரேஜ் கிழங்கு. ரெண்டு மூணு டிகிரியிலே மாசக்கணக்கா இருந்தா மாவுச்சத்து சர்க்கரையா மாறி அசட்டுத் தித்திப்பு தித்திக்கும். வீட்டுக் கிழங்கையும் ஃப்ரிட்ஜிலே வெக்காதீங்கன்னு சொல்றது இதுக்குத்தான். வேக வெச்ச பிறகு வெக்கலாம், பச்சையா வேண்டாம்.

சர்க்கரை வியாதிக்காரங்களுக்கு ஒரு வார்த்தை. வெந்து ஆறின கிழங்கிலே மாவுச்சத்துலே கொஞ்சம் சுலபத்திலே செரிக்காத வகையா மாறும், அதனாலே சூடான கிழங்கைவிடச் சர்க்கரை ஏத்தறது சற்றுக் கம்மிதான். "சற்று"ங்கிறதை அடிக்கோடு போட்டுக்கோங்க. இதைச் சாக்கா வெச்சு மூணாவது கரண்டி கேட்கிற சித்தப்பாக்கள் எல்லாக் குடும்பத்திலேயும் உண்டு!

கடைசியா, சட்டதிட்டங்கள்

அடுத்த கூட்டத்துக்கு நான் கேட்கிறது இவ்வளவுதான்.

ஒண்ணு: ஸாலட் பொறுப்பு குடும்பத்திலேயே மூத்த ஆணோடது. எழுபது வயசுத் தாத்தாவானாலும் சரி. உட்கார்ந்துண்டே கிழங்கு உரிக்கலாம், அரசியலும் பேசலாம், ரெண்டும் கெடாது. பக்கத்திலே ரெண்டு பேரனை உட்கார வெச்சுண்டா ருசி அடுத்த தலைமுறைக்கும் போயிடும்.

ரெண்டு: "உப்பு எங்கே இருக்கு? கத்தி எங்கே? எந்தப் பாத்திரம்?"னு ஒவ்வொண்ணுக்கும் ஒருத்தியைக் கூப்பிடக் கூடாது. கூப்பிட்டா அது உதவி இல்லை, இன்னொரு வேலை. தேடுங்க. அது உங்க வீட்டு அடுக்களைதான்.

மூணு: பாத்திரம் தேய்க்கிறதோடதான் சமையல் முடியும். ஸாலட் பண்ணிட்டேன்னு ஸ்டேட்டஸ் போடறதோட இல்லை.

நாலு: புல்தரையிலே எல்லாரும், எல்லாரும்னா எல்லாரும், உட்கார்ந்த பிறகுதான் கரண்டி கிண்ணத்திலே இறங்கணும். ஒருத்தி உள்ளே நின்னாலும் காத்திருங்க. ஸாலட் ஆறிடும்னு பயப்பட வேண்டாம். அது ஏற்கெனவே ஆறினதுதான்.